கெசையா பாஸ்கம் துவைக்காத துணி

கவர்னர் என்றால் யார் என்று என்னைக் கேட்டால், கஞ்சி போட்ட வெள்ளை உடுப்பு என்றுதான் சொல்வேன். உள்ளே இருக்கும் ஆள் ஐந்தாறு வருடத்துக்கு ஒருமுறை மாறுவார். ட்ரினிடாடுக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் சின்னத் தீவுக்கு லண்டனிலிருந்து தந்தி வரும், இவர் கப்பல் ஏறுவார், இன்னொருவர் இறங்குவார். உடுப்பு மட்டும் மாறாது. கழுத்துவரை மூடிய வெள்ளை அங்கி, மடிப்புக் கலையாத கால்சட்டை, தலையில் இறகு வைத்த தொப்பி. இருபத்தேழு வருடம் கவர்னர் மாளிகையில் பட்லராக இருந்து ஐந்து பேருக்கு உடுத்திவிட்டவன் சொல்கிறேன், நம்பலாம். உடுத்திவிட்டது நான். அவர்களை நிமிர்ந்து நிற்க வைத்தவள் மனிகூ ஆற்றங்கரை கெசையா பாஸ்கம்.

எங்கள் தீவின் சரித்திரம் என்று பள்ளிக்கூடத்தில் ஒரு புத்தகம் வைத்திருக்கிறார்கள். ஐந்து கவர்னர்களுக்கும் அதில் படம் உண்டு. படத்தில் இருக்கும் உடுப்பெல்லாம் கெசையா வெளுத்தது. அவள் பெயர் ஒரு வரியில்கூட இல்லை. போன வாரம் அதைப் புரட்டிப் பார்த்துவிட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். எனக்குக் கோபம் வந்தால்தான் எழுத்து வரும்.

மனிகூ ஆறு கடலில் கலப்பதற்கு முன்னால், பாலத்துக்குக் கீழே, நாற்பத்து மூன்று கற்கள் கிடக்கின்றன. துவைக்கிற கற்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு சொந்தக்காரி உண்டு. தாயிடமிருந்து மகளுக்கு, மகள் இல்லாவிட்டால் தங்கைக்கு. சொந்தக்காரி காய்ச்சலில் படுத்திருந்தாலும் அவளைக் கேட்காமல் இன்னொருத்தி அந்தக் கல்லில் ஒரு கைக்குட்டையைக்கூட அடிக்க மாட்டாள். கல்லுக்காரி ஒருத்தி செத்துப்போனால் ஒன்பது நாள் துக்கம். அந்த ஒன்பது நாளும் நாற்பத்து மூன்று கல்லும் காய்ந்து கிடக்கும், ஊரே அழுக்கோடு திரியும், யாரும் வாயைத் திறக்க மாட்டார்கள். ஒன்பதாம் நாள் அந்த வீட்டில் மூத்தவர் வந்து சுரைக்குடுவையால் கல்லின் மேல் முதல் தண்ணீரை ஊற்றுவார். அப்புறம்தான் துவைப்பு.

பாலத்திலிருந்து ஐந்தாவது கல், ஆமை முதுகு மாதிரி இருப்பது, கெசையாவுடையது.

அவளுக்கு மாளிகை வேலை கிடைத்ததே ஒரு கூத்து. நான் சேர்ந்த புதிதில் இருந்த கவர்னருக்குத் துவைத்தவள், உடுப்பு பளபளக்க வேண்டும் என்று கஞ்சியில் சர்க்கரை கலந்துவிட்டாள். சட்டசபையைத் தொடங்கி வைக்க கவர்னர் எழுந்து நின்றார். மன்னர் பெயரைச் சொல்வதற்குள் எறும்பு ஏறிவிட்டது. மனிதர் பேசவும் முடியாமல், சொறியவும் முடியாமல், ஒற்றைக் காலில் நின்று உரையை முடித்தார். மறுநாள் காலை சமையலறை வாசலில் பத்தொன்பது வயதுப் பெண் ஒருத்தி நின்றாள். நல்ல உயரம், தலையில் வெள்ளைத் துண்டு, கையில் ஒரு சட்டை. அந்தச் சட்டையைத் தரையில் வைத்தாள். அது தானாக நின்றது.

"கூவைக்கிழங்கு மாவு, கொஞ்சம் உப்பு, துளி மெழுகு. சர்க்கரை கிடையாது. எறும்பு வந்தா என்னைக் கூப்பிடுங்க" என்றாள்.

அன்றிலிருந்து கூடை அவளிடம் போயிற்று. மாளிகையில் எவருக்கும் அது எங்கே போகிறது என்று தெரியாது. திங்கட்கிழமை பின்வாசல் வழியாக அழுக்காகப் போகும், வியாழக்கிழமை வெட்டிவேர் வாசனையோடு திரும்பி வரும். துணி தானாகவே வெளுத்துக்கொள்கிறது என்று நினைத்திருப்பார்கள் போலிருக்கிறது.

கெசையாவுக்கோ மாளிகையில் நடப்பதெல்லாம் தெரியும். நான் ஒரு வார்த்தை சொல்ல வேண்டியதில்லை. "பட்லரே, துரைக்கும் துரைசாணிக்கும் பேச்சு இல்லையா? ரெண்டு மேஜைத் துணி வருது." இன்னொரு நாள், "இந்தத் துரை ஜெபம் பண்றவர் இல்ல. முழங்கால்ல பச்சை. தோட்டத்துல ரோஜாச் செடி நடுறாரு." அவளைக் கட்டிக்கொள்ள மூன்று முறை கேட்டேன். மூன்று முறையும், "உங்க சட்டையைக் குடுங்க, துவைச்சுத் தரேன். அதுக்கு மேல ஒண்ணும் கேக்காதீங்க" என்று சிரித்துக்கொண்டே அனுப்பிவிட்டாள். அந்தச் சிரிப்பைக் கேட்பதற்காகவே நான்காவது முறையும் கேட்டிருக்கலாம்.

நான்காவதாக வந்தவர் சர் கிளெமென்ட் ஓக்ஷாட். இருபத்தொரு வயதில் ஆப்பிரிக்காவில் குமாஸ்தாவாகத் தொடங்கி, கடல் கடலாகச் சுற்றி, ஏழு ஊர் பார்த்து எங்களிடம் வந்தவர். பொல்லாதவர் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அவர் மனம் எங்கள் தீவில் இல்லை. ட்ரினிடாட் மாதிரி பெரிய இடம் ஒன்று கிடைக்க வேண்டும், ஓய்வு பெறுமுன் கிடைக்க வேண்டும். அதற்காக எதையாவது கட்டிக் காட்ட வேண்டும். என்ன கட்டலாம் என்று மூன்று வருடம் யோசித்துவிட்டு, ஆற்றோரமாக ஓர் உலாச்சாலை என்று முடிவு செய்தார். இரும்பு பெஞ்சுகள், பாண்டு வாசிக்க ஒரு மண்டபம், வாசலில் அவர் பெயர்.

அதற்கு ஆற்றில் பெண்கள் பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நிற்கக் கூடாதல்லவா. கெஜட்டில் உத்தரவு வந்தது. மே இருபத்தைந்தாம் தேதி முதல், பாலத்திலிருந்து கடல்வரை, மனிகூ ஆற்றில் எவரும் எந்தத் துணியையும் துவைக்கக் கூடாது. மீறினால் பதினாலு நாள் சிறை. ஜூன் நாலாம் தேதி அந்தக் கற்களை உடைத்து மண்டபத்துக்கு அஸ்திவாரம் போடப்படும். பெண்கள் மனு எழுதிப் போட்டார்கள். "கற்களுக்கு உரிமை இருப்பதாக எந்தப் பதிவும் இல்லை" என்று கவர்னரின் செயலாளர் ஒரே வரியில் பதில் அனுப்பினார்.

பாலத்துக்கு மேலே ஆறு முழுக்கக் கரும்புத் தோட்டக்காரரின் வேலிக்குள். ஊர்க் கிணறுகளில் உப்புத் தண்ணீர். கல் போனால் நாற்பத்து மூன்று வீட்டில் அடுப்பு எரியாது. இது ஊரில் எல்லோருக்கும் தெரியும், மேலே இருந்த கவர்னர், துரைசாணி, செயலாளர் ஆகிய மூன்று பேரைத் தவிர.

மே இருபத்துநாலு பேரரசு தினம். கவர்னர் முழு உடுப்பில் இரண்டு மணி நேரம் வெயிலில் நின்றார். மறுநாள் காலை உத்தரவு அமலுக்கு வந்தது. அன்று விடிந்ததும் ஃபிலோமின் என்பவள், மகனுக்கு அம்மை இறங்கி, அவன் படுத்த விரிப்பை அலச ஆற்றில் இறங்கினாள். கான்ஸ்டபிள் கிப்ஸ் அவளை ஈரப் பாவாடையோடு கூட்டிக்கொண்டு போய் அடைத்தான்.

பெண்கள் கொதித்துப்போனார்கள். மாளிகை ஜன்னல் ஒவ்வொன்றையும் உடைப்போம் என்றாள் ஒருத்தி. அதற்குக் கல் பொறுக்கவும் தொடங்கிவிட்டாள். கெசையா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஜன்னலை உடைச்சா கண்ணாடி வாங்கிப் போட்டுக்குவாங்க. நம்மள உள்ள போடுவாங்க. எதுக்குடி? துவைக்காதேன்னு சொல்லிட்டாங்க இல்ல, துவைக்க வேணாம். ஒரு நூல் பிசகாம கீழ்ப்படிவோம்."

"கீழ்ப்படிஞ்சிட்டு? நாலாந்தேதி உடைக்கிறதை வேடிக்கை பாக்கணுமா?"

"நாப்பத்தி மூணு கல்லு சாகப் போகுது. நாள் குறிச்சாச்சு. சாவுன்னா நம்ம வழக்கம் என்ன?"

ஒவ்வொருத்தியாகத் தலைத்துண்டை அவிழ்த்து, துக்கத்துக்குக் கட்டுகிற மாதிரி பின்னால் முடிச்சுப் போட்டுக் கட்டினார்கள்.

காலையில் போன மாளிகைக் கூடை அன்று மாலையே திரும்பி வந்தது. பேரரசு தின உடுப்பு அழகாக மடித்து, இடையிடையே வெட்டிவேர் வைத்து, அதே புழுதியோடும் அதே வியர்வையோடும். நான் வாங்கி அலமாரியில் வைத்தேன். என்னை யாரும் எதுவும் கேட்கவில்லை. கேட்காததற்குப் பதில் சொல்வது பட்லருக்கு அழகல்ல.

வெள்ளைக்காரர்கள் எங்கள் வெயிலில் நாளைக்கு மூன்று உடுப்பு மாற்றுவார்கள். நான்காம் நாளே அலமாரி காலி. துரைசாணி கெசையாவைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"துணியெல்லாம் துவைக்காம வந்திருக்கே, என்ன இது?"

"துரை கையெழுத்துப் போட்டிருக்காருங்கம்மா. எந்தத் துணியையும்னு எழுதியிருக்கு. துரை துணியும் துணிதானுங்களே."

துரைசாணி முகத்தில் ஈயாடவில்லை. "எங்க துணி ஆத்துலயா போகுது?" என்று என்னைத் திரும்பிப் பார்த்தார். ஆமாம் அம்மா, இருபத்துமூன்று வருடமாக என்றேன்.

உடனே கவர்னர் துணிக்கு மட்டும் விலக்கு என்று செயலாளர் சொல்லி அனுப்பினார். கெசையா மரியாதையாகக் கேட்டுக்கொண்டாள். துக்கம் முடியாமல் துவைப்பதில்லை என்றாள். வேறு யாரையாவது பிடியுங்கள் என்று ஆள் அனுப்பினார்கள். நாற்பத்திரண்டு வீட்டிலும் அதே பதில். சிறையில் இருந்த ஃபிலோமினைத் துவைக்கச் சொன்னார்கள். நானும் துக்கத்தில்தான் இருக்கிறேன் என்று சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாளாம். சமையல்காரி கிணற்றுத் தண்ணீரில் ஓர் உடுப்பைத் துவைத்துப் பார்த்தாள். உப்பில் கஞ்சி திரிந்து, துணி மஞ்சளாகி, அவள் பதறி இஸ்திரி போட்டதில் கால்சட்டையின் பின்புறம் இஸ்திரிப் பெட்டி அச்சாகப் பதிந்துவிட்டது. நான் அதைக் கவர்னரிடம் வெள்ளித் தட்டில் வைத்துக் காட்டினேன். அந்தச் சந்தோஷத்தை நான் மறைக்கப் போவதில்லை.

பெண்கள் தினமும் காலையில் வந்து அவரவர் கல்லில் உட்கார்ந்தார்கள். காப்பி, உப்புமீன், சுட்ட ஈரப்பலா, பாட்டு. கான்ஸ்டபிள் கிப்ஸ் நான்கு நாள் போட்ட அழுக்குக் கால்சட்டையோடு வந்து நின்றான்.

"என்ன பண்றீங்க இங்க?"

"துக்கம் விசாரிக்க வந்தியா தம்பி? உக்காரு. காத்துக்கு எதிர்ப்பக்கமா உக்காரு."

எட்டு நாள் போயிற்று. நீதிபதியின் கழுத்துப் பட்டை தொங்கியது. பாதிரியாரின் அங்கி சாம்பல் நிறத்துக்கு வந்தது. ஜூன் மூன்றாம் தேதி மன்னர் பிறந்தநாள் அணிவகுப்பு. அன்று காலை போர்க்கப்பலில் அட்மிரல் வருகிறார். அவர் லண்டனுக்கு ஒரு வார்த்தை எழுதினால் ட்ரினிடாட், எழுதாவிட்டால் ஒன்றுமில்லை. கவர்னருக்கு உடுத்த உடுப்பில்லை.

இரண்டாம் தேதி காலை ஒன்பது மணிக்கு சர் கிளெமென்ட், குளிர்காலத்துக் கம்பளிக் கோட்டைப் போட்டுக்கொண்டு ஆற்றுக்கு நடந்தார். மீதியிருந்தது அதுதான். நான் பின்னால் குடை பிடித்துப் போனேன். தண்ணீருக்கு நடுவே நாற்பத்திரண்டு பெண்கள் கல்மேல் உட்கார்ந்திருந்தார்கள். ஃபிலோமினுடைய கல் மட்டும் காலியாக இருந்தது. கவர்னர் வருகிறார் என்று ஒருத்தியும் எழுந்திருக்கவில்லை. துக்க வீட்டில் எழுந்திருக்கக் கூடாது.

"நீதான் கெசையாவா?"

"ஆமாங்க துரை. மூணு வருஷமா உங்க துணிய துவைக்கிறேன். உள்ள இருக்கிற ஆளை இன்னைக்குத்தான் பாக்குறேன்."

பெண்கள் சிரித்தார்கள். நான் குடையைத் தாழ்த்தி முகத்தை மறைத்துக்கொண்டேன்.

"துவைக்க மாட்டேன்னு சொன்னியாமே."

"துவைக்கக் கூடாதுன்னு நீங்கதானே துரை சொன்னீங்க. நாங்க சாவுக்கு உக்காந்திருக்கோம். நாலாந்தேதி சாவு. சும்மா சொல்லக் கூடாது, நாள் தெரிஞ்ச சாவு லேசுல அமையாது."

கவர்னர் கைக்குட்டையை எடுத்துக் கழுத்தைத் துடைத்தார். அதுவும் அழுக்குதான். "இதெல்லாம் உங்களுதுன்னு எங்கயும் பதிவு இல்லையே" என்றார். அதிகாரமாகச் சொல்லவில்லை, உண்மையாகவே குழம்பிப்போய்ச் சொன்னார்.

"பதிவு எழுதுறவங்க எங்களை எப்ப கேட்டாங்க?" கெசையா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். "துரை, கோவிச்சுக்காதீங்க. உங்க காலர் ரெண்டு மாதிரி வருது. மத்த நாள்ல ஓரத்துல மட்டும் வேர்வை. லண்டன் தபால் வர்ற நாள்ல காலர் முழுக்க நனைஞ்சு வருது. நீங்க ஏதோ ஒரு கடுதாசிக்குக் காத்திருக்கீங்க. எத்தனை ஊர்ல வேலை பாத்தீங்க?"

அவர் என்னைப் பார்த்தார். நான் ஆற்றைப் பார்த்தேன்.

"இதோட எட்டு" என்றார்.

"அதுல எத்தனை ஊர்ல உங்க பேரு இருக்கு?"

அவர் கைக்குட்டையை மடித்துப் பையில் வைத்தார். அப்புறம், "ஒரு ஊர்ல ஒரு தெருவுக்கு வச்சாங்க. எனக்கு அப்புறம் வந்தவர் அதை எடுத்துட்டு அவர் பேரை வச்சுக்கிட்டார்" என்றார். இதற்கு ஒருத்தியும் சிரிக்கவில்லை. எனக்கே அந்த மனிதர் மேல் இரக்கமாக இருந்தது.

"பெஞ்சில உக்காந்து பாண்டு கேக்குறவன் வாசல்ல இருக்கிற பேரைப் படிக்க மாட்டான் துரை. நாங்க துவைக்கும்போது பேசிக்கிட்டேதான் இருப்போம். எங்க பொண்ணுங்க பேசும், அதுங்க பொண்ணுங்க பேசும். கல்லைக் காப்பாத்தினவருன்னு பேசணுமா, உடைச்சவருன்னு பேசணுமா, நீங்களே சொல்லிடுங்க."

பாலத்தின் மேல் கூட்டம் சேர்ந்துவிட்டது. கவர்னர் ஆற்றையும் பெண்களையும் பார்த்தார். "நான் என்ன செய்யணும்?"

"முதல்ல ஃபிலோமின் வரணும். ரெண்டாவது, கல்லு எங்களுதுன்னு எழுதிக் குடுக்கணும். மூணாவது, முதல் தண்ணிய நீங்கதான் ஊத்தணும்."

"மாளிகைக்குப் போய் எழுதி அனுப்புறேன்."

"செயலாளர் கைக்குப் போனா எழுத்து வேற மாதிரி ஆகிடும் துரை. இங்கயே எழுதுங்க."

"காகிதம் இல்லையே."

"கையிலயே கட்டியிருக்கீங்களே. நான் போட்ட கஞ்சி, மை ஊறாது."

அந்தக் காலத்துச் சட்டைக்கு மணிக்கட்டுப் பட்டை தனியாகக் கழற்றி மாட்டுவது. கெட்டியாகக் கஞ்சி போட்டு அட்டை மாதிரி இருக்கும். கவர்னர் வலது பட்டையைக் கழற்றினார். நான் முதுகைக் காட்டினேன், அதன்மேல் வைத்துப் பேனாவால் எழுதினார். மனிகூ ஆற்றின் நாற்பத்து மூன்று கற்களும் அவற்றில் துவைக்கும் பெண்களுக்கும் அவர்களுக்குப் பின் வருவோருக்கும் சொந்தம், அவர்கள் சம்மதம் இல்லாமல் யாரும் அவற்றை அகற்றக் கூடாது. கீழே கையெழுத்து, தேதி. நான் உரக்கப் படித்துக் காட்டினேன். கெசையா இன்னொரு முறை படிக்கச் சொன்னாள். படித்தேன். வாங்கி மடியில் செருகிக்கொண்டாள்.

கிப்ஸ் ஓடிப்போய் ஃபிலோமினைக் கூட்டி வந்தான். கவர்னர் ஷூவோடு தண்ணீரில் இறங்கி, கெசையா நீட்டிய சுரைக்குடுவையை இரண்டு கையாலும் பிடித்து, ஆமை முதுகுக் கல்லின் மேல் தண்ணீரை ஊற்றினார்.

அப்புறம் எழுந்த சத்தத்தை என்னவென்று சொல்வது. ஒன்பது நாள் காய்ந்து கிடந்த நாற்பத்து மூன்று கல்லும் ஒரே நேரத்தில் அடிபட்டன. பாலத்தின் மேல் நின்றவர்கள் தொப்பியைக் கழற்றி வீசினார்கள். எனக்குக் கண் கலங்கிவிட்டது, வெட்கப்படவில்லை. கவர்னருடைய உடுப்பைக் கெசையா கடைசியாகத்தான் எடுத்தாள். ஃபிலோமினின் விரிப்புதான் முதலில்.

இரண்டு மணிக்குக் காய்ந்தது, பொழுது சாயும்முன் கரியடுப்பில் ஆறு இஸ்திரிப் பெட்டிகள் மாறி மாறிச் சூடேறி வேலை முடிந்தது. மறுநாள் அணிவகுப்பில் சர் கிளெமென்ட் நின்ற நிலையைப் பார்க்க வேண்டும். அட்மிரல் அவரைச் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, "உங்கள் சலவைக்காரி யார்?" என்று கேட்டார். "மிஸ் பாஸ்கம். அவங்க கல்லு பாலத்துல இருந்து அஞ்சாவது" என்றார் கவர்னர். 'மிஸ்' என்றதை நான் என் காதால் கேட்டேன்.

உலாச்சாலை கடற்கரைக்குப் போயிற்று. அடுத்த வருடம் அவருக்குப் பெரிய தீவு கிடைத்தது. அங்கே எதற்கும் அவர் பெயரை வைக்கவில்லை என்று கேள்வி. எங்கள் ஆற்றங்கரையில் மட்டும் ஓக்ஷாட் துறை என்று இன்றும் சொல்கிறோம்.

ஆனால் கெஜட்டில் தடை நீங்கியது என்று மட்டும் வந்தது. கற்கள் யாருக்குச் சொந்தம் என்ற பேச்சையே செயலாளர் விழுங்கிவிட்டார். நான் படித்துக் காட்டியபோது கெசையா, "நான் சொல்லலையா?" என்று சிரித்துவிட்டு, பட்டையை பிஸ்கட் டின்னில் வெட்டிவேரோடு வைத்து மூடினாள்.

பத்தொன்பது வருடம் கழித்து வேறொரு கவர்னர், வேறொரு செயலாளர். பெட்ரோல் படகுகளுக்குத் துறை கட்ட அந்த இடம் வேண்டும் என்றார்கள். வழக்கு நடந்தது. கெசையாவுக்கு அப்போது அறுபத்தொன்று. சாட்சியாக நானும் போயிருந்தேன். அரசு வக்கீல் எழுந்து, "கற்களுக்கு உரிமை இருப்பதாக எந்தப் பதிவும் இல்லை" என்றார். அதே வரி, ஒரு எழுத்து மாறவில்லை. கெசையா பிஸ்கட் டின்னைத் திறந்தாள்.

வக்கீல் அதை இரண்டு விரலால் தூக்கிப் பார்த்தார். "இது என்ன? அழுக்குத் துணி."

"அழுக்குதாங்க ஐயா. சர் கிளெமென்ட் துரை ஒன்பது நாள் போட்டிருந்தது. என் ஆயுசுல அழுக்குத் துணின்னு வீட்டுல இருந்தது இது ஒண்ணுதான். பத்தொம்பது வருஷமா கை துறுதுறுங்குது, துவைக்காம வச்சிருக்கேன்."

நீதிபதி அதை வாங்கி, கண்ணாடியை மாட்டிக்கொண்டு, சபை கேட்க வாசித்தார். வாசிக்கும்போது அவர் கை தன் கழுத்துப் பட்டையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டதை நான் கவனித்தேன். அதுவும் கெசையா போட்ட கஞ்சிதான். கையெழுத்து மாளிகைக் கோப்புகளோடு ஒத்துப்போயிற்று. என் முதுகில் வைத்து எழுதியது என்று நான் சாட்சி சொன்னேன். கற்கள் பெண்களுக்கே என்று தீர்ப்பு வந்தபோது வெளியே ஆற்றங்கரைவரை சத்தம் கேட்டது.

தீர்ப்பு முடிந்ததும் கெசையா பட்டையைத் திருப்பிக் கேட்டாள். இது இனி நீதிமன்றப் பதிவு, இங்கேயேதான் இருக்கும் என்றான் குமாஸ்தா. சிவப்பு நாடா கட்டி, எண் போட்டு, பெரிய புத்தகத்தில் எழுதினான். "பதிவுல ஏறிடுச்சா?" என்று கேட்டாள். ஏறிவிட்டது என்றான். அவள் டின்னை மூடிக்கொண்டு வாசல்வரை போய்த் திரும்பி நின்றாள்.

"தம்பி, அதை யாரும் துவைச்சிடாம பாத்துக்குங்க."